இரைச்சல் போல் ஒரு சைகை

(அறிவியல் பட்டதாரி ஆசிரியர்களுக்கான பயிற்சிக் கூட்டத்தில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



நான் தந்த தவறான பதில் ஒன்றிலிருந்து தொடங்குகிறேன். பத்தாம் வகுப்பில் இயக்க விதிகள் பாடம் நடத்தும்போதெல்லாம், "விதி தெரிந்துவிட்டால் அடுத்து என்ன நடக்கும் என்று கணக்குப் போட்டே சொல்லிவிடலாம்" என்று பல ஆண்டுகளாகச் சொல்லி வந்தேன். 2023 டிசம்பர் 17, 18 தேதிகளில் பெய்த மழை உங்களுக்கு நினைவிருக்கும். பக்கத்து மாவட்டத்துக் காயல்பட்டினத்தில் ஒரே நாளில் ஏறத்தாழ 95 செ.மீ. பெய்தது. தாமிரபரணி கரை கடந்து ஊருக்குள் வந்தது. பள்ளி மறுபடி திறந்ததும் ஒரு மாணவி எழுந்து கேட்டாள்: "டீச்சர், விதி தெரிஞ்சா போதும்னு சொன்னீங்கல்லா. காத்துக்கும் தண்ணிக்கும் விதி தெரியும்தானே? அப்புறம் ஏன் எவ்வளவு பெய்யும்னு முன்னாடியே சரியா சொல்ல முடியல?"

"அது ரொம்பச் சிக்கலானது" என்று சொல்லி அவளை உட்கார வைத்துவிட்டேன். அது பதில் அல்ல என்று எனக்கே தெரியும். சரியான பதிலைத் தேடப் போய்த்தான் இன்று பேச எடுத்துக்கொண்ட பொருளுக்கு வந்து சேர்ந்தேன். விதி தெரிந்தும் கணிக்க முடியாத இயக்கங்கள் உண்டு. இயற்பியலில் அதைக் கேயாஸ் என்கிறார்கள். தமிழில் ஒழுங்கின்மை என்று எழுதுகிறோம். அந்த ஒழுங்கின்மையைக் கொண்டே செய்தி அனுப்பலாம் என்பதுதான் எனக்குப் பெரிய வியப்பு.

முதலில் வகுப்பில் செய்த கணக்கைச் சொல்கிறேன். ஒரு கணிப்பான் போதும். 0-க்கும் 1-க்கும் இடையில் ஓர் எண்ணை எடுங்கள். அதை 1-லிருந்து கழியுங்கள். வந்ததை முதலில் எடுத்த எண்ணால் பெருக்குங்கள். பிறகு 4-ஆல் பெருக்குங்கள். கிடைத்த விடையை மீண்டும் இதே விதியில் போடுங்கள். 0.3-இல் தொடங்கினால் 0.84, 0.5376, 0.9943, 0.0225, 0.0879, 0.3208, 0.8716, 0.4476, 0.9890, 0.0434 என்று போகும். ஏறுவதற்கும் இறங்குவதற்கும் ஒரு முறையே தெரியாது. ஆனால் விதி ஒரே வரிதான்.

இன்னொரு குழுவை 0.301-இல் தொடங்கச் சொன்னேன். ஆயிரத்தில் ஒரு பங்குதான் வேறுபாடு. முதல் ஐந்தாறு படிகள் இரு குழுவும் ஏறத்தாழ ஒன்றாகவே போயின. எட்டாவது படியில் ஒரு குழுவுக்கு 0.4476, மற்றதற்கு 0.7190. பத்தாவது படியில் 0.0434, 0.6202. பாபநாசத்தில் ஆற்றில் அருகருகே விட்ட இரண்டு இலைகள் கொஞ்ச தூரம் சேர்ந்து போய்ப் பிரிவதைப் போலத்தான்.

மூன்றாவது குழுவுக்கு எட்டாவது படியிலிருந்து வெறும் பூச்சியமே வந்தது. தவறு என்று அடிக்கப் போனேன். நல்லவேளையாகப் படிகளைப் பார்த்தேன். ஒவ்வொரு படியிலும் இரண்டு தசம இடத்தோடு நிறுத்தி எழுதியிருந்தார்கள். ஏழாவது படியில் 0.9996 வந்ததை 1 என்று எழுதிவிட்டார்கள். 1-லிருந்து 1 போனால் பூச்சியம். அதன் பிறகு எத்தனை முறை போட்டாலும் பூச்சியம்தான்.

1961-இல் அமெரிக்க வானிலை அறிஞர் எட்வர்டு லாரன்ஸுக்கு நடந்ததும் இதுதான். கணினி 0.506127 என்று வைத்திருந்த எண்ணை, அச்சில் இருந்தபடி 0.506 என்று உள்ளிட்டார். சில மாத வானிலைக் கணக்கு முழுவதும் வேறாகிவிட்டது. அவர் அதைப் பிழை என்று ஒதுக்காமல் ஆராய்ந்து 1963-இல் கட்டுரையாக்கினார். என் மாணவிக்கு நான் சொல்லியிருக்க வேண்டிய பதில் அதில் இருக்கிறது. காற்றின் விதி தெரியும். ஆனால் இன்றைய காற்றின் நிலையைக் கடைசித் தசம இடம் வரை அளக்க நம்மால் முடியாது. அந்தச் சிறு பிழை நாளுக்கு நாள் பெருகும்.

சரி, கணிக்க முடியாத ஒன்றால் என்ன பயன்? வானொலியில் ஊர்தி அலை ஒழுங்கான சைன் அலை. அதன் மேல் செய்தியை ஏற்றி அனுப்புகிறோம். அதற்குப் பதிலாக இரைச்சல் போலத் தோன்றும் ஒழுங்கற்ற சைகையில் செய்தியை ஏற்றினால், ஏற்பியில் அதை எப்படிப் பிரித்தெடுப்பது? ஏற்பியிலும் அதே ஒழுங்கற்ற சைகை உருவாக வேண்டும். தொடக்கத்தில் இம்மி வேறுபட்டாலும் பிரிந்துவிடும் என்றுதானே இப்போது பார்த்தோம்?

1990-இல் அமெரிக்காவில் லூயி பெகோரா, தாமஸ் கரோல் இருவரும் இதற்கு வழி காட்டினார்கள். ஒரே மாதிரியான இரண்டு சுற்றுகளை எடுத்து, முதல் சுற்றின் ஒரு சைகையைத் தொடர்ந்து இரண்டாவதற்குள் செலுத்தினால், வெவ்வேறு நிலையில் தொடங்கினாலும் தகுந்த சுற்றுகளில் இரண்டாவது முதலாவதோடு சேர்ந்துகொள்ளும். இதற்கு ஒத்திசைவு என்று பெயர். அனுப்பும் இடத்தில் சிறிய செய்தியை ஒழுங்கற்ற சைகையோடு கூட்டி அனுப்பலாம். ஏற்பி அந்த ஒழுங்கற்ற சைகையைத் தானே உருவாக்கிக் கழித்தால் செய்தி மிஞ்சும்.

இந்த வேலை நம் மாநிலத்திலும் அப்போதே நடந்தது. திருச்சிராப்பள்ளி பாரதிதாசன் பல்கலைக்கழகத்தில் கே. முரளியும் பேராசிரியர் மு. லட்சுமணனும் இவ்வாறு சைகை அனுப்புவது குறித்து 1993-இல் கட்டுரை வெளியிட்டார்கள். 1994-இல் லியோன் சுவாவுடன் சேர்ந்து மிக எளிய ஒழுங்கின்மைச் சுற்று ஒன்றைத் தந்தார்கள். ஒரு சைன் அலை மூலம், மின்தடை, மின்தூண்டி, மின்தேக்கி, ஆப்-ஆம்ப்களால் அமைக்கும் ஒரு நேரிலா உறுப்பு, அவ்வளவுதான். முரளி–லட்சுமணன்–சுவா சுற்று என்று உலகெங்கும் அதற்குப் பெயர். அதே 1990-களில் நம் மனோன்மணியம் சுந்தரனார் பல்கலைக்கழக இயற்பியல் துறையில் இருந்துகொண்டு எஸ். இராஜசேகர் ஒழுங்கின்மையைக் கட்டுப்படுத்துவது பற்றி ஆய்வுக் கட்டுரைகள் எழுதினார். அபிஷேகப்பட்டி வழியாகப் பேருந்தில் போகும் நம் பிள்ளைகளுக்கு இதைச் சொல்ல வேண்டாமா?

இனி எண்முறைச் செய்தி. வகுப்பில் இதை வருகைப் பதிவால் செய்து காட்டினேன். பத்து மாணவர்கள். வந்தவர் 1, வராதவர் 0. மூன்றாமவரும் எட்டாமவரும் வரவில்லை என்றால் 1101111011. இனி 0.3-இல் தொடங்கிய நம் எண்களில் 0.5-க்கு மேற்பட்டதை 1 என்றும் கீழ்ப்பட்டதை 0 என்றும் எழுதினால் 1110001010. இரண்டையும் ஒன்றன்கீழ் ஒன்றாக எழுதி, இலக்கங்கள் ஒத்திருந்தால் 0, வேறுபட்டால் 1 என்று போடுங்கள். 0011110001 கிடைக்கும். இதைத்தான் அடுத்த வகுப்புக்கு அனுப்பினோம். 0.3 தெரிந்த குழு அதே முறையில் செய்து வருகைப் பதிவை மீட்டது. 0.301-ஐ வைத்திருந்த குழுவுக்கு 1101111110 என்று வந்தது. அவர்கள் கணக்கிலும் வந்தவர் எட்டுப் பேர்தான். தொகை சரி, பிள்ளைதான் மாறிவிட்டது! எட்டாமவன் வந்ததாகவும், வகுப்பில் உட்கார்ந்திருக்கும் பத்தாமவன் வராததாகவும் ஆகிவிட்டது. அன்று பத்தாம் எண்காரன் எழுந்து நின்று, "டீச்சர், நான் இங்கதான் இருக்கேன்" என்று சொன்னபோது, சிறு பிழை என்றால் என்ன என்பதை வகுப்பு முழுவதும் புரிந்துகொண்டது.

இது கரும்பலகைக்கு ஏற்ற எளிய வடிவம். ஒத்திசைவே தேவைப்படாத முறை ஒன்றும் உண்டு. 1996-இல் ஹங்கேரி நாட்டு கேசா கொலும்பானும் அவருடன் சேர்ந்தவர்களும் அதைத் தந்தார்கள். அதற்குக் கணிப்பான்கூட வேண்டாம், பெஞ்சு போதும். ஒரு மாணவி எட்டு எண்ணிக்கைக்குள் விருப்பம்போல் தட்டுகிறாள், சிலவற்றை விடுகிறாள். அடுத்த எட்டு எண்ணிக்கையில் அதையே திரும்பத் தட்டினால் 1 என்று பொருள். தட்டிய இடத்தில் விட்டு, விட்ட இடத்தில் தட்டினால் 0. கேட்பவர் இரண்டு பகுதிகளையும் ஒப்பிட்டால் போதும். வராந்தாச் சத்தத்தில் ஒன்றிரண்டு தட்டு காதில் விழாமல் போனாலும் பெரும்பான்மையை வைத்து விடை சொல்லிவிடலாம். உண்மைக் கருவியில் தட்டுகளின் இடத்தில் ஒவ்வொரு முறையும் புதிதாக வரும் ஒழுங்கற்ற சைகை இருக்கும். இரண்டு பகுதியும் ஒரே வழியில் வருவதால், வழியில் ஏற்படும் சிதைவும் இரண்டிலும் ஏறக்குறைய ஒன்றாகவே இருக்கும்.

இங்கே நாம் எச்சரிக்கையாகவும் இருக்க வேண்டும். இரைச்சல் போல் இருக்கிறது, ஆகவே எவராலும் உடைக்க முடியாது என்று பிள்ளைகளிடம் சொல்லிவிடக் கூடாது. 1994-லேயே கெவின் ஷார்ட் என்ற கணித அறிஞர், இவ்வாறு மறைத்த செய்தியை வெளியிலிருந்தே பிரித்தெடுக்க முடியும் என்று காட்டினார். ஒழுங்கின்மைக்குள் விதி இருக்கிறது, விதி இருப்பதால் தடயமும் இருக்கிறது. கணினிக்கும் தசம இடங்கள் முடிவற்றவை அல்ல. ஆகவே நம் மூன்றாவது குழுவுக்கு வந்த பூச்சியம் போல, அதன் எண்களும் ஒரு நாள் திரும்பி வந்துவிடும். இன்னொரு பக்கம், 2005-இல் ஏதென்ஸ் நகரில் 120 கி.மீ. ஒளியிழையில், லேசரின் ஒழுங்கற்ற ஒளியைக் கொண்டு நொடிக்கு 100 கோடி பிட் அளவு வேகத்தில் செய்தி அனுப்பிக் காட்டினார்கள். ஆய்வு தொடர்கிறது. நம் கைப்பேசி இன்று இந்த முறையில் இயங்கவில்லை என்பதையும் சேர்த்தே சொல்லுங்கள்.

நண்பர்களே, உங்களிடம் என் வேண்டுகோள் இரண்டுதான். இயக்க விதிகள் பாடத்தோடு இந்தப் பத்துப் படிக் கணக்கையும் ஒரு பாடவேளையில் செய்து பாருங்கள். விடைக் குறிப்பில் இல்லாத எண் வந்தால், சிவப்பு மையால் அடிக்கும் முன் அந்தப் பிள்ளை எப்படி அங்கே வந்தது என்று படிகளைப் பாருங்கள். அன்று அடித்திருந்தால் எங்கள் வகுப்புக்கு லாரன்ஸ் வந்திருக்க மாட்டார்.

அந்த மாணவி இப்போது பள்ளியை முடித்துப் போய்விட்டாள். போகும் முன் அவளைக் கூப்பிட்டு, அன்று நான் சொன்னது சரியில்லை என்று சொல்லி, இந்தக் கணக்கைப் போட்டுக் காட்டினேன். பத்தாவது படி வந்ததும், "அப்போ நாம தப்பா படிக்கல டீச்சர், பாதிதான் படிச்சிருக்கோம்" என்றாள்.