விரல்நுனிக்குள் ஆறு புள்ளிகள்

லிப்டில் ஏறும்போது பொத்தானுக்குப் பக்கத்தில் சின்னச் சின்னப் புள்ளிகள் புடைத்து நிற்பதைப் பார்த்திருப்பீர்கள். பார்வையற்றோர் விரலால் தடவிப் படிக்கும் அந்தப் புள்ளி எழுத்தை உருவாக்கியபோது, பிரான்ஸைச் சேர்ந்த லூயி பிரெயிலுக்கு வயது 15தான்.

பாரிஸுக்குக் கிழக்கே கூவ்ரே என்ற சிற்றூரில் 1809 ஜனவரி 4 அன்று பிறந்தவர். அப்பா குதிரைச் சேணம் தைப்பவர். மூன்று வயதில், அப்பாவின் பட்டறையில் தோலைத் துளைக்கும் குத்தூசியை எடுத்து விளையாடியபோது அது கண்ணில் பாய்ந்துவிட்டது. புண் சீழ்பிடித்து மறு கண்ணையும் பாதித்தது. ஐந்து வயதில் இரண்டு கண்ணும் போயிற்று.

1819-இல் பாரிஸில் பார்வையற்ற சிறுவர்களுக்கான பள்ளியில் சேர்ந்தார். அங்கே புத்தகங்கள் இருந்தன. ஆனால் கண்ணால் படிக்கும் அதே எழுத்துகளைத்தான் பெரிதாகப் புடைக்க வைத்திருந்தார்கள். ஒவ்வொரு எழுத்தின் வளைவையும் தடவித் தடவி முடிப்பதற்குள் வாக்கியத்தின் தொடக்கம் மறந்துபோகும். திருப்பி எழுதவோ வழியே இல்லை. படிக்க மட்டும் தெரிந்து எழுத முடியாமல் இருப்பது எவ்வளவு பெரிய தவிப்பு!

சார்ல் பார்பியே என்ற முன்னாள் பீரங்கிப்படை அதிகாரி, ஒலிகளைப் புள்ளிகளால் எழுதும் முறை ஒன்றை அந்தப் பள்ளிக்குக் கொண்டுவந்தார். அருமையான யோசனை. ஆனால் ஒரு கட்டத்துக்குப் பன்னிரண்டு புள்ளி. விரலை மேலும் கீழும் நகர்த்தினால்தான் ஓர் ஒலி பிடிபடும். லூயி அதை ஆறாகக் குறைத்தார். இரண்டு செங்குத்து வரிசை, வரிசைக்கு மூன்று. ஒரே தொடுதலில் விரல்நுனிக்குள் அடங்கிவிடும். இந்த ஆறிலிருந்து 63 வடிவங்கள் கிடைக்கின்றன. எழுத்து, எண், நிறுத்தக்குறி, இசைக்குறிப்புகூட அவற்றில் எழுதலாம். லூயியே தேவாலயத்தில் ஆர்கன் வாசித்தவர்தான்! இடது மேல் புள்ளி மட்டும் தனியே நின்றால், பிரெஞ்சில் முதல் எழுத்து. தமிழ்ப் பிரெயிலிலும் அதுதான் 'அ'.

விரலால் படித்தவருக்குத்தான் விரலின் தேவை தெரிந்தது. ஆனால் பள்ளியின் பிற்கால இயக்குநர் ஒருவர் இந்த முறைக்குத் தடையே போட்டார். பார்வையுள்ளவர்கள் படிக்கும் எழுத்தையே இவர்களும் படிக்கட்டும் என்பது அவர் கட்சி. மாணவர்கள் விடவில்லை, ஒளித்து ஒளித்து எழுதினார்கள்.

காசநோய் லூயியை 1852-இல், 43 வயதில் கொண்டுபோயிற்று. பள்ளி இந்த எழுத்தை முறைப்படி ஏற்றது 1854-இல். லூயி இறந்து நூறாண்டு கழித்து, 1952-இல், அவர் உடலை பாரிஸின் பாந்தியோனுக்கு, நாட்டின் பெருமக்கள் துயிலும் இடத்துக்கு, எடுத்துச் சென்றார்கள். கைகள் மட்டும் கூவ்ரே கல்லறையிலேயே இருக்கின்றன.