பெஞ்ச்ல உட்கார்றது தண்டனையா? ராஸி எராஸ்மஸ் கதை

இன்னைக்கு ரக்பி பத்திப் பேசலாம். ரக்பி பார்த்ததே இல்லைங்கிறவங்களும் தைரியமா கேளுங்க, தேவையான விதிகளை நடுவுல நானே சொல்லிடறேன்.

பேசப்போற ஆள் தென்னாப்பிரிக்காவோட ராஸி எராஸ்மஸ். பேரைக் கேட்டாலே ராசியான ஆள் போலன்னு தோணும். 2019, 2023னு ரெண்டு உலகக் கோப்பை வெற்றிக்குப் பின்னாடி இருந்தவர். ரெண்டாவது தடவை காலிறுதி, அரையிறுதி, ஃபைனல் மூணுமே ஒரே ஒரு புள்ளி வித்தியாசத்துல ஜெயிச்சாங்க. ராசின்னு சொல்லிட்டுப் போயிடலாம். ஆனா எனக்கு அவர்கிட்ட பிடிச்சது வேற. எல்லாரும் விதின்னு நம்பிட்டிருந்த ஒரு விஷயத்தை எடுத்து, "இது நிஜமாவே விதியா, இல்ல வெறும் வழக்கமா?"ன்னு கேட்கிற குணம்.

முதல்ல அவர் ஆடின காலம். 1972ல கிழக்கு கேப் பகுதியில டெஸ்பாட்ச்ங்கிற சின்ன ஊர்ல பிறந்தார். ஃபிளாங்கர் பொசிஷன்ல ஆடினார். ஸ்க்ரம் கலைஞ்சதும் முதல் ஆளா பந்துகிட்ட ஓடி, எதிராளியை மடக்கி, பந்தைப் பிடுங்கற வேலை. 1997ல பிரிட்டிஷ் அண்ட் ஐரிஷ் லயன்ஸுக்கு எதிரான மூணாவது டெஸ்ட்ல அறிமுகம். தொடர் ஏற்கெனவே கைவிட்டுப் போயிருந்தது, அந்த மேட்ச்சை மட்டும் 35-16ன்னு ஜெயிச்சாங்க. அதே வருஷம் தொடங்கி 1998 கடைசி வரைக்கும் தென்னாப்பிரிக்கா தொடர்ந்து 17 டெஸ்ட் ஜெயிச்சது. அந்த டீம்ல இவரும் இருந்தார். ஆனா 1999 உலகக் கோப்பை அரையிறுதியில, கூடுதல் நேரம் வரைக்கும் போய் ஆஸ்திரேலியாகிட்ட 27-21ன்னு தோத்தாங்க. மொத்தம் 36 டெஸ்ட். அப்புறம் காயங்கள். ஒரு வீரரா அவர் கைக்கு உலகக் கோப்பை வரவே இல்ல.

அடுத்தது கோச்சிங். ஃப்ரீ ஸ்டேட் சீட்டாஸ் டீமை எடுத்தார். மேட்ச் நடக்கிறப்போ மேல உட்கார்ந்து, கலர் லைட் போட்டு களத்துல இருக்கிறவங்களுக்கு சிக்னல் கொடுத்தார். பார்த்தவங்க சிரிச்சாங்க. 2005ல அந்த டீம் கரி கப் ஜெயிச்சது, 1976க்கு அப்புறம் முதல் முறையா. பின்னாடி 2016ல அயர்லாந்துல மன்ஸ்டருக்குப் போனார். போன சில மாசத்துலயே ஹெட் கோச் ஆன்டனி ஃபோலி திடீர்னு இறந்துட்டார். உடைஞ்சு போயிருந்த அந்த டீமைச் சேர்த்துப் பிடிச்சு, அந்த சீசன்லயே ப்ரோ12 ஃபைனல் வரைக்கும் கொண்டு போனார்.

அந்த நேரத்துல தென்னாப்பிரிக்கா டீம் எப்படி இருந்தது? 2016ல இத்தாலிகிட்ட தோல்வி. 2017ல நியூசிலாந்துகிட்ட 57-0. இந்த நிலைமையில 2018ல ராஸி ஹெட் கோச் ஆனார். முதல் வேலைகள்ல ஒண்ணு, சியா கோலிசியை கேப்டன் ஆக்கினது. 1891லேர்ந்து டெஸ்ட் ஆடற ஒரு டீமுக்கு முதல் கறுப்பின டெஸ்ட் கேப்டன். நிறவெறிச் சட்டங்கள் போய் இருபது வருஷத்துக்கு மேல ஆகியும், கேப்டன்னா யாருங்கிற வழக்கம் மட்டும் மாறாம இருந்தது. கோலிசி பிறந்த ஸ்வீடே டவுன்ஷிப், ராஸியோட டெஸ்பாட்ச்லேர்ந்து ரொம்ப தூரமே இல்ல. ஆனா ரெண்டும் வேற வேற உலகம்.

இப்போ பெஞ்சுக்கு வரேன். ரக்பில ஒரு பக்கம் 15 பேர். அதுல 8 பேர் ஃபார்வர்ட்ஸ், ஸ்க்ரம்ல முட்டித் தள்ற கனமான ஆளுங்க. 7 பேர் பேக்ஸ், ஓடறவங்க, உதைக்கிறவங்க. பெஞ்ச்ல 8 பேர். ஒருத்தரை வெளிய எடுத்தா, சில விதிவிலக்கு தவிர, அவர் திரும்ப உள்ள வர முடியாது. ஸ்க்ரம்மோட முன்வரிசைக்கு மட்டும் பெஞ்ச்ல பயிற்சி உள்ள மாற்று ஆள் கட்டாயம் வேணும். அது விதி. ஆனா பெரும்பாலான டீம்கள் அந்த எட்டை 5 ஃபார்வர்ட், 3 பேக்னு பிரிச்சாங்களே, அது எந்த விதியிலயும் கிடையாது.

2019 உலகக் கோப்பையில ராஸி 6-2 வச்சார். கணக்கு ரொம்ப எளிமை. 80 நிமிஷ ஆட்டத்துல சீக்கிரம் களைச்சுப் போறது ஃபார்வர்ட்ஸ். எதிரணி மூச்சு வாங்கற நேரத்துல ஆறு புது ஆளுங்களை இறக்கினா? அந்த ஆறு பேருக்கு "பாம் ஸ்குவாட்"னு பேர் வந்தது. அவங்க இரண்டாம் தரம் கிடையாது. மால்கம் மார்க்ஸ், ஸ்டீவன் கிட்ஷாஃப் எல்லாம் எந்த டீம்லயும் முதல் 15ல வரக்கூடியவங்க. பெஞ்ச்ல உட்கார்றது இங்க தண்டனை இல்ல, ஒரு பொறுப்பு. ஐபிஎல்ல இம்பாக்ட் பிளேயர் வர்றதுக்கு நாலு வருஷம் முன்னாடி நடந்த கதை இது.

யோகோஹாமா ஃபைனல்ல இங்கிலாந்தோட முன்வரிசை வீரர் கைல் சிங்க்ளர் மூணாவது நிமிஷமே அடிபட்டு வெளிய போனார். அவருக்குப் பதிலா வந்த டான் கோல் மீதி ஆட்டம் முழுக்கத் தாங்க வேண்டியதாச்சு. இரண்டாம் பாதி தொடங்கின சில நிமிஷத்துலயே தென்னாப்பிரிக்காவோட முன்வரிசை முழுக்க புது ஆளுங்களா ஆயிடுச்சு. 32-12. குரூப்ல ஒரு மேட்ச் தோத்துட்டுக் கோப்பை ஜெயிச்ச முதல் டீம் அது.

இந்தக் குணத்துக்கு இன்னொரு பக்கமும் இருக்கு. 2021ல லயன்ஸ் தொடர். முதல் டெஸ்ட் 22-17 தோல்வி. நடுவர் நிக் பெர்ரி கொடுத்த முடிவுகளை ஒவ்வொண்ணா விமர்சிச்சு ராஸி ஒரு மணி நேரத்துக்கு மேல ஓடற வீடியோ போட்டார், அது உலகம் பூரா பரவிடுச்சு. நடுவரோட பேரும் மரியாதையும் அடிபட்டது. தொடரை 2-1னு ஜெயிச்சாங்க, ஆனா அவருக்கு ரெண்டு மாசம் எல்லா ரக்பி வேலையிலேர்ந்தும் தடை, 2022 செப்டம்பர் 30 வரைக்கும் மேட்ச் நாள் வேலைகளுக்குத் தடை. அதே தொடர்ல அவர் தண்ணி பாட்டிலோட களத்துக்குள்ள போய்ட்டு வந்ததுக்கு, ஹெட் கோச்சோ டைரக்டரோ அந்த வேலையைப் பண்ணக் கூடாதுன்னு பின்னாடி விதியே வந்துடுச்சு. வழக்கத்தை உடைக்கலாம். ஆனா திருப்பிப் பதில் சொல்ல முடியாத இடத்துல இருக்கிற ஒரு நடுவரைக் குறி வச்சதை என்னால புத்திசாலித்தனம்னு சொல்ல முடியல.

2023. இப்போ ஹெட் கோச் ஜாக் நீனாபர், ராஸி டைரக்டர். நடுவுல மால்கம் மார்க்ஸுக்கு முட்டில காயம். அவர் ஹூக்கர், முன்வரிசையோட நடு ஆள். அவருக்குப் பதில் இன்னொரு ஹூக்கரைத்தான் கூப்பிடுவாங்கன்னு எல்லாரும் நினைச்சா, இவங்க கூப்பிட்டது ஹாண்ட்ரே போலார்ட், பந்தை உதைக்கிற பேக். டீம்ல முழுநேர ஹூக்கர்னு மிச்சம் ஒருத்தர்தான், போங்கி ம்போனாம்பி.

நியூசிலாந்தோட ஃபைனல். பெஞ்ச் 7-1. ஏழு ஃபார்வர்ட், ஒரே ஒரு பேக். ரெண்டு பேக்குக்கு அடிபட்டா ஒரு ஃபார்வர்ட் போய் அங்க நிக்கணும், அவ்வளவு பெரிய ரிஸ்க். ஆனா அடி வேற பக்கம் விழுந்தது. ஆட்டம் தொடங்கின சில நிமிஷத்துலயே ம்போனாம்பி அவுட். மீதி ஆட்டம் முழுக்க ஹூக்கரா நின்னது 37 வயசு டியான் ஃபூரி, அந்த டீம்ல ஃபிளாங்கரா ஆடினவர். லைன் அவுட் தடுமாறுச்சு. அந்த முடிவுக்கான விலையைக் கண்ணு முன்னாடி கொடுத்தாங்க. அதே முடிவுல உள்ள வந்த போலார்ட் நாலு பெனால்டி உதைச்சார். ஸ்கோர் 12-11. அந்தப் பன்னிரண்டும் அவரோடது.

களைச்ச ஆளுங்க மேல புதுசா ஏழு மலையை இறக்கறது ஆபத்துன்னு எதிர்ப்பு வந்தது. அந்தக் கேள்வி நியாயமானதுதான். ஆனா மத்த டீம்களும் 6-2 வைக்க ஆரம்பிச்சுட்டாங்க.

2019 ஃபைனல் முடிஞ்சு ராஸி பேசினப்போ, ரக்பில இருக்கிறது அழுத்தமே இல்ல, தென்னாப்பிரிக்காவுல வேலை இல்லாம இருக்கிறதும், சொந்தக்காரங்க கொலையாகிறதும்தான் அழுத்தம்ங்கிற மாதிரி சொன்னார். இவ்வளவு ரிஸ்க் எடுக்க முடிஞ்சதுக்குக் காரணம் அங்கதான் இருக்குன்னு நினைக்கிறேன். தோத்தாலும் அது ஒரு விளையாட்டுதான்னு அவருக்குத் தெரியும்.

அடுத்த தடவை தென்னாப்பிரிக்கா மேட்ச் பார்த்தா, 45வது நிமிஷத்துக்கு மேல பெஞ்சைக் கவனிங்க. எழுந்து வர்ற ஒருத்தர் முகத்துலயும் "நான் ரெண்டாவது சாய்ஸ்"ங்கிற நினைப்பு இருக்காது.