மெட்டு பழசு, சொல் புதுசு: பாவலர் சகோதரர்களின் மேடை



செங்கல், மரம், உலோகம், சுதை எதுவுமின்றிக் கோயில் எடுத்ததாக மகேந்திரவர்மன் கல்லிலேயே எழுதி வைத்த ஊர் இந்த மண்டகப்பட்டு. பக்கத்துச் செஞ்சியின் தேசிங்கு ராஜனுக்கு அப்படி வாய்க்கவில்லை. 1714-இல் போரில் மாண்டவனை வரலாற்றாசிரியர்கள் அரைப் பக்கத்தில் முடித்துவிட, பாட்டுக்காரர்கள்தான் விடிய விடியப் பாடி வைத்திருந்தார்கள். பாட்டின் வலு தெரிந்த இந்த மண்ணில் ஒரு பாட்டுக் குடும்பத்தைப் பற்றிப் பேச வந்திருக்கிறேன்.

தேனிப் பக்கம் பண்ணைப்புரம். தந்தை ராமசாமி தேயிலைத் தோட்டத்தில் வேலை பார்த்தவர். மூத்தவர் வரதராசன் கம்யூனிஸ்ட் கட்சி மேடைகளில் பாடிப் 'பாவலர்' ஆனார். பாஸ்கர், இளையராஜா, கங்கை அமரன் என்று தம்பிகள் ஒவ்வொருவராகச் சேர, அது 'பாவலர் பிரதர்ஸ்' ஆயிற்று.

1958-இல் தேவிகுளம் இடைத்தேர்தல். கேரளத்தில் நம்பூதிரிபாட் அரசு நூலிழைப் பெரும்பான்மையில் நின்ற நேரம். தொகுதியிலோ தோட்டத் தொழிலாளர்களான தமிழர்கள் ஏராளம். கொழுந்து பறித்துக் களைத்து வந்தவர்களை உட்காரவைக்க மேடைப் பேச்சு போதாது. வரதராசன் ஊரறிந்த சினிமா மெட்டுகளில் கூலியையும் கங்காணியையும் பற்றிய புதுச் சொற்களை ஏற்றினார். மெட்டு ஏற்கெனவே காதில் இருந்ததால், கேட்பவர் சொல்லை மட்டும் கவனித்தால் போதும். கட்சி வேட்பாளர் ரோசம்மா புன்னூஸ் வென்றார். பதின்ம வயது இளையராஜா அண்ணனோடு மேடையேறியதும் அந்தத் தேர்தலையொட்டித்தான். குரல் உடையும்வரை பெண்குரல் பகுதிகள் அவருடையவை. அண்ணனின் ஆர்மோனியத்தைத் தொட்டால் பிரம்படி விழும் என்பதை அவரே சொல்லியிருக்கிறார். அடிக்குப் பயந்து விட்டிருந்தால் நமக்குத்தான் நஷ்டம்.

இதே காலத்தில் அமெரிக்காவில் 'ஸ்டேபிள் சிங்கர்ஸ்' என்றொரு குடும்பக் குழு பாடிக்கொண்டிருந்தது. மிசிசிப்பியின் பருத்திப் பண்ணையில் வளர்ந்த பாப்ஸ் ஸ்டேபிள்ஸ் சிகாகோவுக்குப் போய், பிள்ளைகளைச் சேர்த்துக்கொண்டு தேவாலயங்களில் பாடினார். பிறகு மார்ட்டின் லூதர் கிங்கின் கூட்டங்களிலும் பாடினார். அங்கே பருத்தி, இங்கே தேயிலை; இரண்டு இடத்திலும் உழைப்பவர் முன்னால் நின்ற குடும்பம். ஆனால் அவர்களை 1968-இல் ஸ்டாக்ஸ் இசைத்தட்டு நிறுவனம் சேர்த்துக்கொண்டது. பாப்ஸின் கிதாரை இன்று எவரும் கேட்கலாம். நம்மவர்கள் கூட்டத்துக்காகப் பாடினார்கள். கூட்டம் கலைந்தால் பாட்டும் கலைந்தது.

வரதராசன் 1973-இல் மறைந்தார். இளையராஜா இசையமைத்த முதல் படமான 'அன்னக்கிளி' வந்தது 1976-இல்.

நாட்டுப்புற மெட்டுகளைச் சினிமாவுக்குக் கொண்டுவந்ததே இந்த வீட்டின் கொடை என்று எல்லாரும் சொல்கிறார்கள். எனக்கு அது பாதிக் கணக்காகவே படுகிறது. நம் சினிமாவில் பெரும்பாலும் மெட்டு முதலில், சொல் பிறகு. மெட்டின் நெடில் குறில் பிசகாமல், கேட்பவனுக்கு உடனே விளங்கும்படி சொல்லை உட்காரவைக்கும் வித்தையை இந்தத் தம்பிகள் சென்னைக்கு வருமுன்பே தேர்தல் மேடைகளில் பழகியிருந்தார்கள். கங்கை அமரன் பாடலாசிரியராகவும் இசையமைப்பாளராகவும் ஒருசேர இயங்க முடிந்ததற்கு வேறெங்கும் காரணம் தேட வேண்டாம். இளையராஜாவின் மேற்கத்திய இசைப் பயிற்சிக்குத் தன்ராஜ் மாஸ்டர் உண்டு; இந்தப் பாடத்துக்கு ஆசிரியர் அண்ணன்தான்.

அண்ணனின் பட்டம் பிறகு படக் கம்பெனியின் பெயராயிற்று. பாவலர் கிரியேஷன்ஸ் 1981-இல் 'அலைகள் ஓய்வதில்லை' எடுத்தது. கூலியும் கங்காணியும் அந்தப் பேனரில் பாட்டாக வரவில்லை. முதல் போட்டு எடுக்கும் தொழிலில் அதை எதிர்பார்ப்பதும் நியாயமில்லை. அடுத்த தலைமுறையில் கார்த்திக் ராஜா, யுவன், வெங்கட் பிரபு, பிரேம்ஜி எனத் தனித்தனிப் பெயர்கள். 'பாரதி' படப் பாடலுக்குத் தேசிய விருது பெற்ற பவதாரிணி 2024-இல் மறைந்தார். 2025 மார்ச்சில் இளையராஜாவின் சிம்பொனி லண்டனில் அரங்கேறியது. அது ஒலிப்பதிவாகவும் இசைக்குறிப்பாகவும் இருக்கும். தேவிகுளத்துப் பாட்டுகளுக்கு அந்த வசதி இல்லை. அவற்றைத் தேட வேண்டுமானால், அன்று தோட்டங்களில் உட்கார்ந்து கேட்டவர்களின் வீடுகளுக்குத்தான் போக வேண்டும்.