வரப்பும் வழக்கும்

(கழக வெள்ளிவிழாவில் ஆற்றிய உரை)

    

இருபத்தைந்து ஆண்டுகளாக நம் பிள்ளைகளுக்கு எழுத்தறிவித்த கழகம் இது. அந்த எழுத்தறிவை உங்கள் வீட்டுப் பெட்டியில் மடித்து வைத்திருக்கும் நிலப் பத்திரத்தின் பக்கமும் திருப்புங்கள் என்று கேட்டுக்கொள்ளவே நான் வந்துள்ளேன்.

வழக்கறிஞர் தொழிலில் நான் கண்ட ஒரு வழக்கைச் சொல்கிறேன். ஒரே தெருவில் வாழ்ந்தவர் இருவர்; இருவரும் நம்மவர்; அடுத்தடுத்த கழனிக்காரர். ஒவ்வோர் உழவின்போதும் ஒருவர் வரப்பைச் சிறிது வெட்டிக்கொள்கிறார் என்பது மற்றவரின் குற்றச்சாட்டு. வாய்ச்சண்டை கைகலப்பாயிற்று, கைகலப்பு வழக்காயிற்று. பதினோர் ஆண்டுகள் நடந்தது. ஒருவர் உழவு மாட்டை விற்றார். மற்றவர் மனைவியின் தோட்டை அடகு வைத்தார். இறுதியில் நீதிமன்றம் அனுப்பிய ஆணையர் நில அளவருடன் வந்து, புலப்படத்தைக் கொண்டு அளந்தார். வரப்பு மூன்றடி நகர்ந்திருந்தது உண்மைதான். ஆனால் எல்லையை உறுதிசெய்யப் பழைய பதிவேட்டைப் புரட்டியபோது வேறோர் உண்மையும் வெளிவந்தது. இருவர் கழனிக்கும் கிழக்கே வேறொருவர் கரும்பு வைத்திருந்த மூன்று ஏக்கர், இவர்களுடைய பாட்டன்மார் பெயரில் பஞ்சமி நிலமாகப் பதிவாகியிருந்தது. மூன்றடிக்காக மோதிக்கொண்டவர்கள் மூன்று ஏக்கர் போனதை அறியாதிருந்தனர்!

பஞ்சமி நிலம் யாது? செங்கற்பட்டு ஆட்சியராயிருந்த திரமென்ஹீர், நம் மக்களின் அவல நிலையை விளக்கி 1891-இல் அரசுக்கு அறிக்கை அளித்தார். அதன் விளைவாக 1892-இல் அரசாணை பிறந்தது. நிலமற்ற நம் முன்னோர்க்கு நிலம் ஒப்படைக்கப்பட்டது. முதற் பத்தாண்டுகள் அதனை எவர்க்கும் விற்கலாகாது. அதன் பின்னும் ஒடுக்கப்பட்ட வகுப்பார்க்கன்றிப் பிறர்க்கு மாற்றலாகாது என்பது நிபந்தனை. எனினும் கடனாலும் அச்சத்தாலும் வெற்றுத்தாளில் வைத்த கைநாட்டாலும் அந்நிலங்கள் ஏராளமாகக் கைமாறின. அவற்றை மீட்கக் காரணையில் எழுந்த போராட்டத்தில், 1994 அக்டோபர் 10 அன்று நிகழ்ந்த காவல்துறைத் துப்பாக்கிச் சூட்டில் ஜான் தாமஸ், ஏழுமலை என்னும் இருவர் உயிர் நீத்தனர். ஒரு பதிவேட்டு வரியின் விலை என்ன என்பதை இளைஞர்கள் இதிலிருந்து உணரவேண்டும்.

இளைஞர்களே! பட்டா ஒன்றிருந்தால் போதும் என்று எண்ணாதீர்கள். பட்டா வருவாய்த்துறைப் பதிவு. அதுமட்டுமே உரிமையை நிலைநாட்டிவிடாது. கிரயப் பத்திரம், வில்லங்கச் சான்று, சிட்டா, அடங்கல், புலப்படம் ஆகியவற்றை ஒன்றோடொன்று ஒப்பிட்டுப் பாருங்கள். 1980-களில் நடந்த நில உடைமைப் பதிவு மேம்பாட்டுத் திட்டத்தின்போது பெயர் பிழையாக ஏறிய பட்டாக்கள் பல. உங்கள் சர்வே எண்ணுக்கு எதிரே யார் பெயர் உள்ளதென்று உங்களுக்குத் தெரியுமா?

ஆக்கிரமிப்பைக் கண்டும் வாளாவிருத்தல் ஆகாது. 1963-ஆம் ஆண்டுக் காலவரையறைச் சட்டப்படி, ஒருவர் உங்கள் நிலத்தை உங்கள் உரிமைக்கு எதிராக வெளிப்படையாக அனுபவிக்கத் தொடங்கிய நாளிலிருந்து 12 ஆண்டுக்குள் வழக்குத் தொடுக்கவேண்டும். தவறினால் உரிமையே அழிந்துபோகலாம்.

அதற்காக அரிவாளைத் தூக்கவேண்டுவதில்லை. அண்டை வீட்டாரோடு எல்லைத் தகராறு வந்தால், முதலில் கட்டணம் செலுத்தி அளக்கச் சொல்லுங்கள். அளந்தபின் அமர்ந்து பேசுங்கள். பேசி முடித்ததை எழுத்தில் வையுங்கள். மக்கள் நீதிமன்றத்தில் ஏற்படும் சமரசத்திற்கு நீதிமன்றத் தீர்ப்பின் வலிமை உண்டு. 1987-ஆம் ஆண்டுச் சட்டப்பணிகள் ஆணையச் சட்டப்படி, பட்டியல் வகுப்பினர் வருமான வரம்பின்றி இலவசச் சட்ட உதவி பெறலாம். பிற வகுப்பார் நம் நிலத்தை முறைகேடாகப் பறித்தால், 1989-ஆம் ஆண்டு வன்கொடுமைத் தடுப்புச் சட்டம் அதனைக் குற்றமென்றே கூறுகிறது. எது அண்டை வீட்டுப் பூசல், எது நிலப்பறிப்பு என்று பகுத்தறிந்து நடவுங்கள்.

நான் சொன்ன அவ்விருவரும் பின்னர் மூன்றடியைச் சமரசமாக முடித்துக்கொண்டனர். மூன்று ஏக்கருக்காக ஒரே மனுவில் இருவரும் கையொப்பமிட்டனர். அம்மனுவை எழுதிக்கொடுத்தது யார் தெரியுமா? அவர்களுள் ஒருவருடைய பேத்தி. பத்தாம் வகுப்பு மாணவி. மனு இன்னும் முடிவு பெறவில்லை. ஆனால் அவ்விரு குடும்பங்களுக்குமிடையே பகை முடிந்தது.

இன்றிரவே உங்கள் வீட்டுப் பெட்டியைத் திறந்து, தாய் தந்தையர் கேட்கப் பத்திரத்தை வாசித்துக் காட்டுங்கள். நாளைக் காலை அவர்களோடு சென்று எல்லைக் கற்களை எண்ணிப் பாருங்கள். கழகம் கொடுத்த கல்வி வயலிலும் பயன் தரட்டும் என்று கூறி, என் உரையை முடிக்கின்றேன்.

வளர்க கழகம்!