உப்பும் குழந்தையின் மூளையும்

 

“இந்தச் சாதிப் பிள்ளைகளுக்குப் படிப்பு ஏறாது” என்னும் சொல்லை நம் முன்னோர் கேட்டனர். நாமும் கேட்டே வளர்ந்தோம். இன்றும் அது முற்றாக ஓய்ந்துவிடவில்லை. இதே செங்கற்பட்டுச் சீமையின் கோழியாளத்தில் பிறந்து, 1930-இல் இலண்டன் வட்டமேசை மாநாட்டில் நமக்காக வாதாடிய இரட்டைமலை சீனிவாசன் அவர்களே அதற்குப் போதிய விடை. ஆயினும், வகுப்பில் சில பிள்ளைகள் சோர்ந்து, சொன்னதை மறந்து நிற்பதை ஆசிரியராகிய நாம் காணாமல் இல்லை. காரணங்கள் பல; பிறந்த குலம் அவற்றுள் ஒன்றன்று. எளிதில் நீக்கத்தக்க ஒரு காரணம் நம் அடுப்படி உப்பில் இருக்கிறது.

கரு உண்டாகி 28 நாள்களுக்குள் மூளைக்கும் தண்டுவடத்துக்கும் அடிப்படையான நரம்புக்குழல் மூடிக்கொள்கிறது. தான் கருவுற்றிருப்பதைத் தாயே பெரும்பாலும் அறியாத காலம் அது! பின்னர் மூளைச் செல்கள் கோடி கோடியாய்ப் பெருகித் தத்தம் இடங்களுக்கு நகர்கின்றன. இவ்வேலை செவ்வனே நடக்கத் தைராய்டு சுரப்பியின் நீர் வேண்டும். அந்நீர் ஊற அயோடின் வேண்டும். முதல் மூன்று மாதங்கள் சிசு இந்நீரைத் தாயிடமிருந்தே பெறுகிறது. தாயிடம் இல்லையேல் பிள்ளைக்கு ஏது? குறை மிகுந்தால் காது கேளாமலும் பேச்சு வராமலும் வளர்ச்சி குன்றியும் குழந்தை பிறக்கக்கூடும். குறை சிறிதாயின் வெளியே ஒன்றும் தெரியாது. அறிவுத்திறன் மட்டும் சற்று மங்கும். பள்ளியில் ‘மக்கு’ என்று பெயர் வாங்குவோரில் இப்பிள்ளையும் இருக்கலாம்.

“கடலோரத்தில் வாழும் நமக்கு அயோடின் குறையுமா?” என்று கேட்பீர்கள். கணக்குப் போட்டுப் பார்ப்போம். ஒரு லிட்டர் கடல்நீரில் உப்பு சுமார் 35 கிராம். அயோடினோ சுமார் 60 மைக்ரோகிராம். எனவே, ஒரு கிராம் உப்புக்கு இரண்டு மைக்ரோகிராம்கூட இல்லை. பாத்தியில் உப்பு விளையும்போது அதிலும் பெரும்பகுதி எஞ்சிய நீரோடு போய்விடும். கருவுற்ற தாய்க்கு நாளொன்றுக்கு வேண்டியது 250 மைக்ரோகிராம். கடல் மீனில் அயோடின் உண்டு. ஆனால் மாமல்லபுரம் சாலையில் மீன் விற்கும் விலைக்கு, கூலி வேலை செய்யும் வீட்டில் அது நாள்தோறும் சமைக்கும் பொருளா?

பப்புவா நியூ கினியின் ஜிமி பள்ளத்தாக்கில் 1966-இல் பெண்களுக்கு அயோடின் கலந்த எண்ணெயை ஊசி மூலம் செலுத்தினர். கருவுறுமுன் அதைப் பெற்ற தாய்மாரின் குழந்தைகளிடம் அக்கொடிய ஊனம் ஏறக்குறைய ஒழிந்தது. கருவுற்றபின் பெற்றவர்க்கு அவ்வளவு பயனில்லை. ஆகவே, வளைகாப்பு நடக்கும்போது விழித்துக்கொண்டால் காலங்கடந்த கதைதான். திருமணமாகி வரும் மருமகளின் முதல் நாள் சமையலிலிருந்தே உப்பு மாறியிருக்க வேண்டும்.

அயோடின் கலவாத உப்பை உணவுக்கு விற்பதை நடுவண் அரசு 1998-இல் தடுத்தது. 2000-இல் தடையை நீக்கியது. 2006-இல் மீண்டும் கொண்டுவந்தது. ஆயினும் கருவாட்டுக்கென வாங்கும் கல்லுப்பு, சில வீடுகளில் குழம்புக்கும் போய்விடுவதுண்டு. அயோடின் சேர்த்த உப்பில், நம் கைக்கு வரும்போது கிராமுக்கு 15 மைக்ரோகிராமேனும் இருக்க வேண்டும் என்பது சட்டம். உப்பை மிகுதியாக உண்ணுங்கள் என்று நாம் சொல்லவில்லை. இரத்த அழுத்தம் வந்து சேரும். உண்ணும் உப்பை மாற்றுங்கள் என்கிறோம். கல்லுப்பே பிடிக்குமெனில், அயோடின் சேர்த்த கல்லுப்பும் கடையில் கிடைக்கிறது.

பிறந்த குழந்தையின் மூளை சுமார் 350 கிராம். இரண்டு வயதில் பெரியவர் மூளையின் முக்கால் பங்கை எட்டிவிடுகிறது. அக்காலத்துக்கான அயோடின் தாய்ப்பால் வழியே செல்கிறது. சீம்பாலைப் பீய்ச்சிக் கொட்டும் வழக்கம் எங்கேனும் எஞ்சியிருந்தால் விட்டுவிடுங்கள். சுகாதார நிலையத்தில் தரும் இரும்புச்சத்து மாத்திரையைப் பெட்டியில் பூட்டி வைக்காதீர்கள். பச்சைக் குழந்தைக்குத் தாயின் குரல் தெரியும்; அதனோடு பேசுங்கள்.

சங்கத்து இளைஞர்களுக்கு ஒரு வேலை தருகிறோம். இந்த வாரமே தெருவில் வீடுவீடாகச் சென்று, உப்புப் பையில் ‘அயோடின் கலந்தது’ என்றிருக்கிறதா எனப் படித்துச் சொல்லுங்கள். பையைப் பிரித்தபின் மூடியுள்ள ஜாடியில், அடுப்பு வெக்கையும் ஈரமும் படாத இடத்தில் வைக்கச் சொல்லுங்கள். திறந்து கிடந்தால் அயோடின் குறைந்துபோகும்.