கேட்காமலே வந்த விளையாட்டுப் பலகை

(சிதம்பரத்தில் நடந்த கூட்டமைப்பின் மாதக் கூட்டத்தில் கள ஒருங்கிணைப்பாளர் பேசியதன் எழுத்து வடிவம்)



கடலூர், குறிஞ்சிப்பாடி, புவனகிரி, பரங்கிப்பேட்டை பக்கத்தில் இருந்தெல்லாம் காலையிலேயே பஸ் பிடித்து வந்திருக்கீங்க. சேமிப்பு, உள்கடன், வங்கிக் கடன் எல்லாம் பேசி முடிச்சாச்சு. சாப்பாட்டுக்கு முன்னாடி ஒரு சின்ன விஷயம் பேசலாம்னு இருக்கோம். விஷயம் சின்னதுதான். ஆனால் இதனால் ஒரு பெண் பிள்ளையின் படிப்பு பத்து நாள் நின்னு போச்சு. அதனால்தான் சொல்கிறோம்.

சிதம்பரம் பக்கத்தில் ஒரு கிராமம். நம்ம உறுப்பினர் ஒருவர், வீட்டுக்காரர் கொத்தனார் வேலை. மகள் கல்லூரியில் இரண்டாம் ஆண்டு. அந்தக் குடும்பத்தில் கல்லூரி வாசல்படி மிதித்த முதல் ஆள் அந்தப் பிள்ளைதான். அம்மா குழுவில் 15,000 ரூபாய் உள்கடன் எடுத்து, ஒருத்தர் பயன்படுத்திய மடிக்கணினியை வாங்கிக் கொடுத்தார். தவணையைத் தவறாமல் கட்டி வருகிறார்.

ஒருநாள் ராத்திரி பிள்ளை பாடம் தட்டச்சு செய்துகொண்டு இருக்கிறாள். அப்பா பின்னாடி வந்து நிற்கிறார். திடீர்னு திரை மங்கலாகி, அதுக்கு மேலே கறுப்புக் கறுப்பாய்க் கட்டங்கள் வந்து நிற்குது. 'எக்ஸ்பாக்ஸ்', 'கேம்' என்று இங்கிலீஷில் எழுதி இருக்கு. அப்பாவுக்கு எழுத்துக் கூட்டிப் படிக்கத் தெரியும். கேம் என்றால் விளையாட்டு என்றும் தெரியும். "கடன் வாங்கிக் குடுத்தது நீ விளையாடுறதுக்கா?" என்று கத்தி, மடிக்கணினியை எடுத்து பீரோவில் வைத்துப் பூட்டிவிட்டார். "நான் எதையும் ஏத்தலப்பா" என்று பிள்ளை அழுதிருக்கிறாள். யாரும் நம்பலை.

அம்மா குழுக் கூட்டத்தில் இதைச் சொல்லவில்லை. கூட்டம் முடிந்து செருப்பு மாட்டும்போதுதான் மெதுவாகக் கேட்டார். "மேடம், எம் பொண்ணு பொய் சொல்லுதா, நெசம் சொல்லுதான்னே தெரியல. நீங்க வந்து ஒரு வாட்டி பாருங்களேன்."

மறுநாள் சாயங்காலம் நாங்கள் இரண்டு பேர் போனோம். மடிக்கணினியைத் திறந்து பார்த்தோம். அதில் ஒரு விளையாட்டும் ஏற்றப்படவில்லை. பிள்ளை சொன்னது உண்மை.

அப்படியானால் வந்தது என்ன?

மைக்ரோசாப்ட் என்ற அமெரிக்க நிறுவனம் 2001-இல் எக்ஸ்பாக்ஸ் என்ற பெயரில் ஒரு விளையாட்டுக் கருவியை விற்பனைக்குக் கொண்டுவந்தது. டி.வி.யில் மாட்டி விளையாடுவது. நம்ம கணினியில் இருக்கிற விண்டோஸும் அதே நிறுவனம் செய்ததுதான். 2015-இல் விண்டோஸ் 10 வந்தபோது, விளையாடுபவர்கள் தங்கள் ஆட்டத்தைப் படம் பிடித்து வைத்துக்கொள்ள ஒரு பலகையையும் அதுக்குள்ளேயே சேர்த்துக் கொடுத்தார்கள். அதன் பெயர் கேம் பார். அடுத்து வந்த விண்டோஸ் 11-லும் அது இருக்கு. நாம் கேட்கவில்லை, காசு கொடுத்து வாங்கவில்லை, ஏற்றவும் இல்லை. வீட்டோடு சேர்ந்து வந்த பரண் மாதிரி, கணினியோடு சேர்ந்து வந்தது. அது ஒரு விளையாட்டே இல்லை. வைரசும் இல்லை.

அது ஏன் திடீர்னு திறக்குது? விசைப்பலகையில் இடது பக்கம் கீழ் வரிசையைப் பாருங்கள். கன்ட்ரோல், ஆல்ட் என்ற விசைகளுக்கு நடுவில் ஜன்னல் படம் போட்ட விசை ஒன்று இருக்கும். அதையும் ஜி எழுத்தையும் சேர்த்து அழுத்தினால் கேம் பார் திறக்கும். வேகமாகத் தட்டச்சு செய்கிறவர்களுக்கு கன்ட்ரோலுக்குப் போகவேண்டிய விரல் பக்கத்து விசையில் பட்டுவிடும். அந்தப் பிள்ளைக்கும் அதுதான் நடந்தது. மறுபடி அதே இரண்டு விசையை அழுத்தினால் பலகை மறைந்துவிடும். அவ்வளவுதான்.

நம்ம கணக்குக்கு இதனால் என்ன?

கணக்கு எழுதுகிறவர்கள் இதைக் கொஞ்சம் கவனமாகக் கேளுங்கள். ஜன்னல் விசை, ஆல்ட், ஆர் எழுத்து, இந்த மூன்றும் சேர்ந்து அழுந்தினால், அப்போது திறந்திருக்கும் வேலையை கேம் பார் வீடியோவாகப் பதிவு செய்ய ஆரம்பித்துவிடும். எக்செல் கணக்கு திறந்திருந்தால் அந்தக் கணக்கு. வங்கிப் பக்கம் திறந்திருந்தால் அந்தப் பக்கம். உறுப்பினரின் கணக்கு எண், ஆதார் எண், கடன் பாக்கி என்று திரையில் என்ன தெரியுதோ அது எல்லாமே படமாகிவிடும். திரையின் ஓரத்தில் சின்னக் கட்டத்தில் நேரம் ஓடும். அதே மூன்று விசையை மறுபடி அழுத்தினால் பதிவு நின்றுவிடும்.

பதிவான படம் நம்ம கணினியில், வீடியோஸ் என்ற அறைக்குள் கேப்சர்ஸ் என்ற பெயரில் இருக்கும் இடத்தில் போய் உட்காரும். கேம் பார் அதைத் தானாக யாருக்கும் அனுப்புவதில்லை. அதனால் பயப்பட வேண்டாம். ஆனால் நாளைக்கு அந்த மடிக்கணினியை ரிப்பேருக்குக் கொடுப்போம், வேறு ஊராட்சிக்குக் கை மாற்றுவோம். அப்போது நம்ம உறுப்பினர்களின் விவரமும் சேர்ந்தே போகும். பாஸ்புத்தகத்தை யாராவது திண்ணையில் திறந்து வைத்துவிட்டு வருவோமா? வீடியோ சேரச் சேர இடத்தையும் அடைக்கும்.

அணைப்பது எப்படி?

குறிப்பேடு வைத்திருக்கிறவர்கள் எழுதிக்கொள்ளுங்கள்.

1. ஸ்டார்ட் பட்டனை அழுத்தி, பல்சக்கரம் போட்ட செட்டிங்ஸைத் திறங்கள். அதில் கேமிங் என்று இருக்கும். அதை அழுத்துங்கள்.

2. விண்டோஸ் 10 என்றால், கேம் பார் பக்கத்தின் மேலேயே ஒரு சுவிட்ச் இருக்கும். அதை ஆஃப் செய்துவிடுங்கள்.

3. விண்டோஸ் 11-இல் அந்தப் பக்கத்தில் இருப்பது விளையாட்டுக் கைப்பிடிக்கான சுவிட்ச். அதை ஆஃப் செய்துவிட்டு, செட்டிங்ஸில் ஆப்ஸ், அதில் இன்ஸ்டால்டு ஆப்ஸ் என்ற பட்டியலுக்குப் போங்கள். கேம் பார் என்ற பெயருக்கு நேரே மூன்று புள்ளி இருக்கும். அதை அழுத்தி அட்வான்ஸ்டு ஆப்ஷன்ஸைத் திறங்கள். பின்னணியில் ஓட அனுமதி கேட்கும் இடத்தில் நெவர் என்று வையுங்கள். இன்னும் கீழே டெர்மினேட் என்று இருக்கும். அதையும் ஒருமுறை அழுத்துங்கள். இதுக்குப் பிறகும் விசை தவறி அழுந்தினால் சில கணினியில் பலகை எட்டிப் பார்க்கலாம். மறுபடி அழுத்தி மூடிவிடுங்கள்.

4. கேமிங்கில் கேப்சர்ஸ் என்ற பக்கத்தையும் பாருங்கள். பின்னணியில் தானாகப் பதிவு செய்யும் சுவிட்ச் ஒன்று இருக்கும். சாதாரணமாக அது ஆஃபில்தான் இருக்கும். நமக்கு முன்னால் வைத்திருந்தவர் ஆன் செய்திருக்கலாம். ஆனில் இருந்தால் ஆஃப் செய்யுங்கள்.

5. கடைசியாக, வீடியோஸில் இருக்கும் கேப்சர்ஸைத் திறந்து, வேண்டாத பதிவுகளை அழியுங்கள். அழித்தது ரீசைக்கிள் பின் என்ற குப்பைத் தொட்டியில் கிடக்கும். அதையும் காலி செய்தால்தான் வேலை முடியும்.

இதை அடியோடு பிடுங்கி எறிய பெரிய கட்டளைகள் இருக்கு. நமக்கு அது வேண்டாம். அப்படிப் பிடுங்கிய சில கணினிகளில், இதைத் திறக்க வேறு செயலி வேண்டும் என்று புதிதாக ஒரு கட்டம் வந்து நச்சரிக்கும். அணைத்து வைத்தாலே போதும்.

இன்னொரு எச்சரிக்கை. இதை அணைக்க வழி தேடும்போது, 'உங்கள் கணினியில் வைரஸ் இருக்கு, இந்த நம்பருக்குப் போன் செய்யுங்கள்' என்று திரையில் வரலாம். போன் செய்யாதீங்க. எதையும் இறக்காதீங்க. கணினியைத் தூரத்தில் இருந்து சரிசெய்கிறேன் என்று சொல்கிறவரை உள்ளே விடாதீங்க. அப்படி யாராவது ஏமாந்து பணம் போனால், தாமதிக்காமல் 1930 என்ற எண்ணுக்குப் பேசுங்கள். அது சைபர் குற்ற உதவி எண்.

அந்த வீட்டில் என்ன நடந்தது?

நாங்கள் எதையும் அழுத்திக் காட்டவில்லை. அப்பாவையே உட்காரவைத்து, "அண்ணே, இந்த ரெண்டையும் சேர்த்து நீங்களே அழுத்துங்க" என்றோம். சிமெண்ட் படிந்த விரலால் தயங்கித் தயங்கி அழுத்தினார். அதே கறுப்புப் பலகை வந்தது. கொஞ்ச நேரம் பேசவில்லை. "நான் அழுத்துனாலும் வருதே" என்றார். பிறகு மகள் பக்கம் திரும்பி, "அணைக்கறதை நீயே செய் பாப்பா" என்றார். அவளேதான் அணைத்தாள். நாங்கள் பக்கத்தில் நின்றதோடு சரி.

ஆனால் அந்தப் பத்து நாளில் அவள் கல்லூரியில் கொடுக்கவேண்டிய ஒரு கட்டுரைக்குத் தேதி முடிந்துபோனது. அந்த மதிப்பெண் போனது போனதுதான். அதை எந்த சுவிட்சைப் போட்டும் திருப்ப முடியவில்லை.

சகோதரிகளே, அந்த அப்பாவை நாங்கள் குறை சொல்லவில்லை. கடன் வாங்கிய காசு வீணாகுதோ என்று அவருக்குப் பயம். தெரியாத ஒன்று திரையில் வந்ததும், பக்கத்தில் இருந்த பெண் பிள்ளை மேல் பழி விழுந்தது. நாளைக்கு இதே பழி நம்ம கணக்காளர் தங்கை மேலும் விழலாம். கூட்டமைப்பு மடிக்கணினியில் கேம் என்று வந்தால், 'சம்பளம் வாங்கிட்டு விளையாடுறா' என்று சொல்ல எவ்வளவு நேரம் ஆகும்?

1989-இல் தருமபுரியில் அரசு மகளிர் குழுக்களை ஆரம்பித்தபோது, கையெழுத்துப் போடவே கூச்சப்பட்ட பெண்கள் எத்தனையோ பேர். ரொக்கப் புத்தகம், பேரேடு என்று ஒவ்வொன்றாகக் கற்றுக்கொண்டோம். இன்றைக்கு வங்கி மேலாளர் எதிரில் உட்கார்ந்து கணக்குக் கேட்கிறோம். 2026 ஜனவரியில் அரசு கல்லூரி மாணவர்களுக்கு மடிக்கணினி கொடுக்க ஆரம்பித்தது. நம்ம வீட்டுக்குள் இன்னும் பல மடிக்கணினிகள் வரும். வந்ததைப் பூட்டி வைத்தால் நஷ்டம் நமக்குத்தான்.

அதனால் இந்த மாதம் ஒரே ஒரு வேலை. கூட்டமைப்பு மடிக்கணினியை அடுத்த கூட்டத்தில் எல்லோர் முன்னாடியும் திறந்து வையுங்கள். கேம் பார் அணைந்திருக்கா, கேப்சர்ஸ் காலியா என்று பாருங்கள். பார்த்ததைத் தீர்மானப் புத்தகத்தில் ஒரு வரி எழுதுங்கள். வீட்டில் பிள்ளைகளின் மடிக்கணினியில் புரியாத எதுவும் வந்தால், கோபப்படுவதற்கு முன்னாடி, "இது என்ன பாப்பா, எனக்கும் காட்டு" என்று கேளுங்கள்.

இலை போட்டாச்சு என்று சொல்கிறார்கள்.