தெய்வங்கள் அகன்ற மேடை: கக்கோயானிஸும் கிரேக்கத் துன்பியலும்



ஏதென்ஸ் நகரின் படைகள் மெலோஸ் என்னும் சிறு தீவைக் கைப்பற்றி, ஆடவரைக் கொன்று, பெண்டிரையும் பிள்ளைகளையும் அடிமைகளாக்கின. அடுத்த சில மாதங்களில், கி.மு. 415இல், அதே ஏதென்ஸில் யூரிப்பிடிஸ் 'ட்ராய் நகரப் பெண்கள்' நாடகத்தை மேடையேற்றினார். வென்றவர்களின் அரங்கிலே தோற்றவர்களின் ஒப்பாரி ஒலித்தது.

அவ்வொப்பாரியை நம் காலத்து மேடைக்கும் திரைக்கும் கொண்டுவந்தவர்களுள் முதன்மையானவர், சைப்பிரஸ் தீவின் லிமசோல் நகரிற் பிறந்த மைக்கேல் கக்கோயானிஸ். 1963இல் இந்நாடகத்தை நியூயோர்க்கில் மேடையேற்றினார். 'எலெக்ட்ரா' (1962), 'ட்ராய் நகரப் பெண்கள்' (1971), 'இபிஜீனியா' (1977) ஆகிய மூன்று திரைப்படங்களுக்கும் திரைக்கதை எழுதி, அவரே இயக்கினார். கிரேக்கத்தில் இராணுவ ஆட்சி நிலவிய காலத்தில் உருவான இரண்டாவது படம் ஸ்பெயினிற் படமாக்கப்பட்டது.

யூரிப்பிடிஸின் நாடகங்களில் அவர் செய்த பெரும் மாற்றம், தெய்வங்களை அகற்றியமையே. மூல 'எலெக்ட்ரா'வின் இறுதியில் இரட்டைத் தெய்வங்கள் தோன்றித் தீர்ப்புரைப்பர். படத்தில் அவர்கள் வருவதில்லை. தாயைக் கொன்ற பிள்ளைகள் தம் குற்றத்துடன் தனித்து விடப்படுகின்றனர். இன்று நமக்குக் கிடைக்கும் 'இபிஜீனியா' நாடகத்தின் முடிவில், பலிபீடத்தில் மகளுக்குப் பதிலாக மான் ஒன்று கிடந்ததெனத் தூதன் கூறுகிறான். படத்தில் அந்த ஆறுதலும் இல்லை. காற்று வீசுகிறது, கப்பல்கள் புறப்படுகின்றன, தாயின் பார்வை மட்டும் எஞ்சுகிறது. நாடகத்தில் பேச்சளவில் மட்டும் வரும் படை, திரையிலே பசியோடும் பொறுமையிழந்தும் கடற்கரையை நிறைத்து நிற்கிறது. அப்படைக்கு அஞ்சி, தலைமையை இழக்க விரும்பாத தந்தை மகளைப் பலி கொடுக்கிறான்.

தெய்வங்கள் அகன்றபின் பழியைச் சுமத்த விண்ணில் எவருமில்லை. ஆணையிட்டவனும், வாளேந்தியவனும், வாய்மூடி நின்றவனுமே பொறுப்பாளிகள் ஆகின்றனர்.

1974இல் துருக்கிப் படைகள் சைப்பிரஸில் இறங்கின. கக்கோயானிஸ் படப்பிடிப்புக் கருவியுடன் தம் தீவுக்கு விரைந்தார். வீடிழந்தோரின் வாக்குமூலங்களை 'அட்டிலா 74' என்னும் ஆவணப்படமாக 1975இல் வெளியிட்டார். அங்கே நடிகரும் தேவைப்படவில்லை, பழைய வசனமும் தேவைப்படவில்லை. ஏதிலிப் பெண்கள் தம் சொந்தச் சொற்களிற் பேசினர். அதன் பின்னரே அவர் 'இபிஜீனியா'வை எடுத்தார் என்பதை மறந்துவிடலாகாது.

2011இல் அவர் மறைந்தார். தோற்றவர்களின் குரலைப் பதிவுசெய்வது கலைஞனின் கடமை என்பதற்கு அவர்தம் படைப்புகள் சான்றாக நிற்கின்றன. வென்றவர் எழுப்பும் நினைவுத்தூண்கள் சாயலாம்; தாயொருத்தியின் ஒப்பாரி இரண்டாயிரத்து நானூறு ஆண்டுகளைக் கடந்தும் கேட்கிறது.